இருள்வேந்தனின் மேலங்கி

அந்தத் தெருவில் பட்டாசு என்றால் தையல் கடைக்காரிதான். சட்டை இறுக்கமாக இருக்கிறது என்று குறை சொல்லிக்கொண்டு வருகிறவர்களிடம், "சட்டை குடுத்த அளவுலயேதாங்க இருக்கு, நீங்கதான் கொஞ்சம் வளர்ந்துட்டீங்க" என்பாள். வாய்தான் அப்படி. வேலையைப் பார்த்தால் கண்ணில் ஒற்றிக்கொள்ளலாம்.

அவளுக்கு இரண்டு பேர் மேல் தீராத கோபம். ஒருவன் இருள்வேந்தன். அது ஊர் உலகத்துக்கே இருந்த கோபம், அதில் அவளுக்கென்று தனிப் பெருமை ஒன்றும் இல்லை. இன்னொருவன் அவளுடைய சொந்த அண்ணன்.

இருள்வேந்தன் கரிய மலையிலிருந்து இறங்கி வந்தவன். அவன் ஆட்கள் வெயிலில் போகிறவர்களின் நிழலை மிதித்துப் பிடித்து, பாலிலிருந்து ஆடையை எடுப்பதுபோல் தரையிலிருந்து உரித்து எடுத்துப் போனார்கள். நிழல் போனவர்கள் செத்துவிடவில்லை. ஆனால் மெல்ல மெல்ல மங்கிப்போனார்கள். உட்கார வைத்தால் உட்கார்ந்திருப்பார்கள், ஊட்டினால் விழுங்குவார்கள், பெற்ற தாயையே தெரியாது. அப்படிச் சேர்த்த நிழல்களையெல்லாம் ஒன்றாகத் தைத்து ஒரு மேலங்கியாக அவன் போட்டுக்கொண்டான். அதற்குப் பிறகு அவனை ஒன்றும் செய்ய முடியவில்லை. படையெடுத்து வந்த ராஜாக்களின் வாள் அந்த அங்கியில் பட்டு வெண்டைக்காய் மாதிரி வளைந்தது. நெருப்பு வைத்தால் நெருப்பு அணைந்தது. கடைசியில் வானத்துக்கே திரை போட்டுவிட்டான். நிழல் இல்லாத ஊருக்கு வெயில் எதற்கு என்பது அவன் கேள்வி. அன்றிலிருந்து எந்நேரமும் ஒரே மங்கலான சாயங்கால வெளிச்சம். துவைத்த துணி காயாது, பழம் பழுக்காது, மனிதர்கள் முகம் பார்த்துப் பேசுவதுகூடக் குறைந்துவிட்டது.

அந்த மேலங்கியைத் தைத்துக் கொடுத்தவன் அவளுடைய அண்ணன். ஊரே மாஸ்டர் என்று கூப்பிட்ட மனிதன். ஒரு நாள் காலையில் இருள்வேந்தனின் கோட்டை ஆட்கள் வந்து அழைத்துப் போனார்கள். பல வாரம் கழித்துத் திரும்பக் கொண்டுவந்து விட்டபோது அவனுக்கு நிழல் இல்லை. அங்கியின் கழுத்துப்பட்டிக்குத் துண்டு போதவில்லை என்று அவன் நிழலையே எடுத்து, அவன் கையாலேயே தைக்க வைத்திருக்கிறார்கள். அவன் முழுதாக மங்கிப் போகும்வரை காவலர்கள் வாசலிலும் கட்டில் பக்கத்திலும் நின்றார்கள். மனைவியிடமோ தங்கையிடமோ ஒரு வார்த்தை பேச விடவில்லை. அவர்கள் போன பிறகு பேச அவனிடம் ஒன்றும் மிச்சம் இல்லை.

ஊருக்குத் தெரிந்ததெல்லாம் ஒன்றுதான்: மாஸ்டர் தைத்துக் கொடுத்தான். எதிர்க்கடை ரொட்டிக்காரர் அவர்களைக் கண்டால் முகத்தைத் திருப்பிக்கொண்டார். ஒரு பட்டன் தைப்பதற்குக்கூட மக்கள் நாலு தெரு தாண்டி வேறு கடைக்குப் போனார்கள். அண்ணி வாயே திறக்காமல் பட்டன் துளைக்குக் காஜா எடுத்துக்கொண்டிருந்தாள். வாயைத் திறந்தது பட்டாசுதான், அதுவும் அண்ணனுக்கு ஊட்டும்போது.

"உயிருக்குப் பயந்து தைச்சேன்னா ஒத்துக்கறேன். கொஞ்சம் கோணலாத் தைச்சிருக்கக் கூடாதா நீ? ஒரு இழை விலகாமத் தைச்சுக் குடுத்திருக்கே பாரு. அவன்கிட்ட நல்ல பேர் வாங்கி என்ன பண்ணப் போறே? வாயைத் திற."

அவன் வாயைத் திறப்பான். அவள் ஊட்டுவாள். அவன் கண் அவளைத் தாண்டிச் சுவரைப் பார்த்துக்கொண்டிருக்கும். அதைப் பார்த்தால் அவளுக்கு அழுகை வரும். அழுகை வந்தால் இன்னும் இரண்டு திட்டுவாள்.

இப்படியே வருடங்கள் ஓடின. ஒரு நாள் கோட்டைக் காரியஸ்தர் கடை வாசலில் வந்து நின்றார். ஒல்லியான மனிதர். பேசும்போதெல்லாம் பின்னால் திரும்பிப் பார்த்துக்கொள்ளும் பழக்கம் அவருக்கு.

"வேந்தரோட அங்கி அக்குள் பக்கம் வாயைப் பொளந்துடுச்சு" என்றார். "தைச்ச கடைக்குத்தானே வரணும்."

"தைச்சவர் அதோ உட்கார்ந்திருக்கார். கேட்டுப் பாருங்க" என்றாள் அவள்.

காரியஸ்தர் மாஸ்டரைப் பார்த்தார், பார்வையைத் தாழ்த்திக்கொண்டார். "நீதான் வரணும். சும்மா ஒட்டுப் போட்டா போதாதாம். அங்கி முழுக்க எந்தக் காலத்துலயும் பிரியாத மாதிரி கெட்டித் தையல் போடணுமாம். அதுக்கப்புறம் அதுல இருக்கற நிழல் ஒண்ணுகூட வெளியே வராது."

"வர முடியாதுன்னா?"

"உங்க அண்ணியோட நிழல் இன்னும் அவங்ககிட்டயேதானே இருக்கு?" என்று அவர் மெதுவாகக் கேட்டார். மிரட்டுகிற குரலில்கூடக் கேட்கவில்லை.

தைத்தால் அண்ணன் திரும்பவே மாட்டான். தைக்காவிட்டால் அண்ணியும் அண்ணனின் நாற்காலிக்குப் பக்கத்தில் இன்னொரு நாற்காலி போட்டு உட்கார்ந்துவிடுவாள். தையல்காரி அளவு நாடாவைக் கழுத்தில் போட்டுக்கொண்டாள். அதன் இரண்டு நுனியையும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

அண்ணி வாசல்வரை வந்தாள். "உங்க அண்ணன் தப்பான ஆளு இல்லம்மா" என்றாள். "அதை மட்டும் மனசுல வச்சுக்க. மத்தபடி உனக்கு என்ன தோணுதோ செய்."

"இவ்வளவு நாளா இதைச் சொல்லாம இருந்தீங்களே அண்ணி."

"நீ எங்கம்மா பேச விட்டே?"

கோட்டைக் கூடத்தில் சன்னல்களெல்லாம் பலகை அடித்து மூடியிருந்தன. சுற்றிலும் விளக்கு. நடுவில் இருள்வேந்தன் நின்றான். ஆள் பெரிய ஆள், கதவை அடைத்துக்கொண்டு நிற்கிற உடம்பு. ஆனால் அவள் பார்த்தது அவனை அல்ல, அந்த அங்கியை. அது சும்மா தொங்கவில்லை. தூக்கத்தில் புரளுகிறவர்கள் மாதிரி அதற்குள் என்னென்னவோ அசைந்தது. ஓர் இடத்தில் ஒரு குழந்தையின் கை தெரிந்து மறைந்தது. இன்னோர் இடத்தில் ஒரு நாயின் வால்.

"தைப்பாயா?" என்றான் அவன்.

"அளவு எடுக்கணுங்க" என்றது அவள் வாய். நல்ல வேளை, பயத்தில் மூளை நின்றாலும் தொழில் நிற்பதில்லை.

"அங்கியைக் கழற்றிக் குடுத்தீங்கன்னா வசதியா இருக்கும்" என்றாள்.

"இதை நான் கழற்றுவதில்லை."

"சரிங்க. போட்டிருக்கும்போதே பார்த்துக்கலாம்."

நாடாவை இடுப்பில் சுற்றினாள். சுற்றியதும் இருள்வேந்தன் வயிற்றை எக்கினான். உலகத்தைக் கட்டி ஆள்கிறவன், ராஜாக்களின் வாளை வளைத்தவன், அளவு நாடா பட்டதும் எல்லா ஆண்களும் செய்கிற அதே காரியத்தைச் செய்தான். அவளுக்கு அடக்க முடியாமல் பழைய வாய் வந்துவிட்டது.

"மூச்சை விடுங்கய்யா. இப்ப எக்கிட்டு அப்புறம் சாப்பிட்டு உட்கார்ந்தா மறுபடியும் கிழியும்."

காரியஸ்தர் கண்ணை மூடிக்கொண்டார். பிறகு இருள்வேந்தன் புஸ்ஸென்று மூச்சை விட்டான். வயிறு நாடாவைத் தள்ளிக்கொண்டு வந்தது. அவளுக்கும் கொஞ்சம் மூச்சு வந்தது.

காரியஸ்தர் எலும்பில் செய்த ஊசி ஒன்றைக் கொடுத்தார். அந்த அங்கிக்கு இரும்பு ஆகாதாம். தீராத நூல்கண்டு ஒன்றையும் வைத்தார். மலையிலிருந்து வந்த நூல், அன்று மாஸ்டருக்குக் கொடுத்ததும் இதேதான் என்றார். அவள் விளக்கை அருகில் இழுத்துக்கொண்டு அக்குள் பக்கம் குனிந்தாள். கிழிந்த இடத்தை உள்பக்கம் திருப்பிப் பார்த்தாள்.

பார்த்தவள் அப்படியே நின்றாள்.

நூல் அறுந்திருக்கவில்லை. துணியும் கிழிந்திருக்கவில்லை. தையல்தான் விலகியிருந்தது. விலகாமல் என்ன செய்யும்? விரல் நீளத்துக்கு ஒரு தையல், அதற்கு அடுத்து இன்னொன்று, தளரத் தளர ஓடியிருந்தது. விளிம்பு மடித்து அடிக்கவில்லை. உள்தையல் இல்லை. கையை விட்டு முதுகுப் பக்கம் தடவிப் பார்த்தாள். அங்கேயும் அதுதான். தோள், பக்கவாட்டு, கீழ் மடிப்பு, எங்கும் அதுதான்.

தையல் கடையில் பிறந்து வளர்ந்தவளுக்கு இதை யாரும் சொல்ல வேண்டியதில்லை. எந்த உடுப்பையும் முதலில் ஓட்டுத் தையலில்தான் பிடிப்பார்கள். வெட்டிய துண்டுகள் விலகாமல் நிற்கிறதற்கு நீளநீளமாக ஒரு தையல். அதை மாட்டி ட்ரையல் பார்ப்பார்கள். எங்கே பிடிக்கிறது, எங்கே தொளதொளக்கிறது என்று பார்த்துக் குறித்துக்கொண்டு, கழற்றி வாங்கி, அதற்குப் பிறகுதான் கெட்டித் தையல். அது முடிந்ததும் ஓட்டுத் தையலின் முடிச்சைப் பிடித்து இழுத்தால் நூல் மொத்தமும் கையோடு வந்துவிடும். வரத்தான் அதைப் போடுவதே.

நடந்தது அவளுக்குக் கண்ணால் பார்த்த மாதிரி தெரிந்தது. இருள்வேந்தன் ட்ரையலுக்கு அங்கியை மாட்டியிருக்கிறான். மாட்டியதும் பிடித்துப் போயிருக்கிறது. கழற்ற மனம் வராமல் அப்படியே போட்டுக்கொண்டு நடந்துவிட்டான். வேலை முடியவில்லை ஐயா என்று சொல்ல வேண்டியது மாஸ்டர். அதைச் சொல்லாத ஆளா அவன்? ஒரு முறை ஊர்ப் பெரிய அதிகாரி ஒருவர் அவசரம் என்று முடிக்காத கோட்டோடு கிளம்பியபோது, தெருக்கோடிவரை துரத்திப் போய்க் கழற்றி வாங்கி வந்தவன். பாதி வேலையோடு என் கடைத் துணி வெளியே போகக் கூடாது என்று கத்தியவன். அந்த வாய்தான் அன்றைக்கு மூடிக்கொண்டிருந்திருக்கிறது. தன் நிழல் கழுத்துப்பட்டியில் போவதைப் பார்த்துக்கொண்டே மூடிக்கொண்டிருந்திருக்கிறது.

அவளுக்குக் கண் கலங்கியது. இத்தனை வருடமும் திட்டியதெல்லாம் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தது. ஆனால் அழ நேரம் இல்லை. முடிச்சு வேண்டும்.

அண்ணன் எப்போதும் வலது தோளில் ஆரம்பிப்பான். அவள் இடது கைக்காரி. இடுப்புக்குக் கீழே இடது மடிப்பில் ஆரம்பிப்பாள். அதற்காக அவர்கள் போடாத சண்டை இல்லை. உலகத்துல எவளாவது கீழேயிருந்து மேலே தைப்பாளா என்று அவன் கேட்பான். வலது தோளில் கை வைக்க வேண்டுமென்று, "கொஞ்சம் இந்தப் பக்கம் திரும்புங்கய்யா" என்றாள். திரும்பினான். தடவிப் பார்த்தாள். முடிச்சு இல்லை. விரலை இன்னும் உள்ளே விட்டுப் பார்த்தாள். இல்லவே இல்லை.

"என்ன தேடுகிறாய்?"

"தையல் எங்க ஆரம்பிச்சிருக்குன்னு பார்க்கறேங்க."

முடிச்சைக் கத்தரித்துவிட்டானோ? நுனி கிடைக்காவிட்டால் இத்தனையும் வீண். அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. மண்டியிட்டு உட்கார்ந்தாள். இடுப்புக்குக் கீழே, இடது மடிப்பை விரித்தாள்.

அங்கே இருந்தது. அவள் போடுவதுபோலவே இரட்டை முடிச்சு. பிடித்து இழுக்க வசதியாக ஒரு விரல் நீளம் நூல் விட்டு.

அண்ணன் தன் கைப்பழக்கத்தை விட்டு, அவள் கை போகிற இடத்தில் அதை வைத்திருந்தான். தனக்காக அல்ல. வருகிறவள் யார் என்று அவனுக்குத் தெரிந்திருந்தது.

அவள் நூலை விரலில் சுற்றி இழுத்தாள்.

வெண்ணெயிலிருந்து உருவுவதுபோல் வந்தது. பின் கழுத்தில் என்னவோ தளர்ந்ததை உணர்ந்து இருள்வேந்தன் குனிந்து பார்த்தான். "என்ன செய்கிறாய்?"

"பழைய தையலைப் பிரிக்கறேங்க" என்றாள் அவள், கையை நிறுத்தாமல். "பிரிக்காம எப்படிங்க கெட்டித் தையல் போடறது?"

எந்தத் தையல்காரியும் சொல்லக்கூடிய பதில்தான். உண்மையும்கூட. இருள்வேந்தன் அதை யோசித்துப் பார்த்தான். பெரிய மந்திரமெல்லாம் தெரிந்தவன். துணி வேலை தெரியாது. தெரியாத வேலையில் வேலைக்காரர் சொல்வதற்குத் தலையாட்டுவது எல்லாருக்கும் பழக்கம்தானே. "சீக்கிரம்" என்றான்.

"இதோ" என்று அவள் இரண்டு கையாலும் இழுக்க ஆரம்பித்தாள்.

கடைசியாகத் தைத்த கழுத்துப்பட்டிதான் முதலில் கழன்று விழுந்தது. அது தரையில் ஒரு கணம் நின்றது. அவள் தலையைத் தடவுவதுபோல் அவள் மேல் ஊர்ந்து போய், பலகை இடுக்கில் நுழைந்து வெளியே போயிற்று. அவளுக்கு யார் என்று தெரிந்தது. கை இன்னும் வேகமாக ஓடியது. தோள் விழுந்தது, முதுகு விழுந்தது. கிழவர்கள், குழந்தைகள், கூடை தூக்கியவர்கள், ஒரு நாய். நிழல்கள் கூட்டம் கூட்டமாகச் சுவரில் ஏறி, பலகைகளைப் பிய்த்துக்கொண்டு வெளியேறின. அப்போதுதான் இருள்வேந்தனுக்கு விஷயம் புரிந்தது. அவள் கையைப் பிடிக்கப் பாய்ந்தான். காலில் பாதி அங்கி சுற்றிக்கொண்டு தடுக்கி விழுந்தான். "பிடி அவளை" என்று காரியஸ்தரைப் பார்த்துக் கத்தினான். காரியஸ்தர் திரும்பிப் பார்த்தார், இந்த முறை கதவை. அடுத்த கணம் அங்கே அவர் இல்லை.

நூல் முழுதும் அவள் மடியில் வந்து குவிந்தது. வானத்துத் திரை விலகி, பலகை போன சன்னல் வழியே வெயில் உள்ளே வந்தது. உள்பனியனோடு கீழே உட்கார்ந்திருந்தான் இருள்வேந்தன். தொப்பை போட்ட, சாதாரணமான, வழுக்கை விழ ஆரம்பித்த மனிதன். அவன் பக்கத்தில் தரை வெறுமையாக இருந்தது. முதல் மந்திரத்துக்கு விலையாக அவன் கொடுத்தது தன் நிழலைத்தான். தன்னுடையது போனதால்தான் எல்லாருடையதும் வேண்டியிருந்தது. நிழல் இல்லாத அந்த உடம்பில் வெயில் நிற்காமல் ஊடுருவிப் போனது. ஈரத் துணி காய்கிறதுபோல் ஓரத்திலிருந்து உள்நோக்கி அவன் மறைந்துகொண்டே வந்தான்.

"தைத்துக் கொடு" என்றான் அவளிடம். "தைத்துவிடு."

அவளுக்குக் கொஞ்சம் பாவமாகத்தான் இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய். ஆனால் அந்தப் பாவத்துக்காக ஊசியை எடுக்கிற அளவுக்கு அவள் நல்லவள் இல்லை. "கடை மூடியாச்சுங்க" என்று சொல்லிவிட்டு எழுந்தாள். அவள் வாசலைத் தாண்டும்போது அந்தக் கூடத்தில் வெயிலும் ஒரு பனியனும்தான் இருந்தன.

தெருவெல்லாம் சத்தம். எத்தனையோ நாளாக அசையாமல் உட்கார்ந்திருந்தவர்கள் வாசலில் நின்று கண் கூச வானத்தைப் பார்த்தார்கள். ஒருவர் தன் நிழலின் மேல் கால் படாமல் குதித்துக் குதித்து நடந்தார். அவளுக்கு முன்பே செய்தி வந்துவிட்டது. ரொட்டிக்காரர் அடுப்பிலிருந்து எடுத்த தட்டோடு ஓடிவந்து, "தாயே, நீதான் எங்களைக் காப்பாத்தினே" என்று கையைப் பிடித்துக்கொண்டார். அவருடைய மகளும் அந்த அங்கிக்குள் இருந்தவள்தான். அந்தப் பெண் இப்போது கடை வாசலில் நின்று, அப்பா ஏன் இப்படிக் கிழவராகிவிட்டார் என்று பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எனக்கு வேண்டாங்க" என்றாள் தையல்காரி. "நான் நூலை இழுத்தேன், அவ்வளவுதான். இழுத்தா வர்ற மாதிரி தைச்சது எங்க அண்ணன். அவன்கிட்ட வந்து சொல்லுங்க. எல்லாரும் வந்து சொல்லுங்க."

ரொட்டிக்காரர் தட்டைக் கீழே வைத்தார். தலையில் கையை வைத்துக்கொண்டு அவளுக்குப் பின்னாலேயே வந்தார். தெருவும் வந்தது.

கடை வாசலில் வெயிலில் அண்ணன் நின்றுகொண்டிருந்தான். அண்ணி அவன் சட்டை நுனியை விடாமல் பிடித்திருந்தாள், விட்டால் மறுபடியும் யாராவது கொண்டுபோய்விடுவார்கள் என்பதுபோல. அவன் தாடி நரைத்திருந்தது. ஆனால் அவன் கண் சுவரைப் பார்க்கவில்லை. அவளைப் பார்த்தது.

ஓடிவந்தவள் இரண்டடி தள்ளியே நின்றுவிட்டாள்.

"நான்தான் வருவேன்னு உனக்கு எப்படித் தெரியும்?" என்றாள். "உன் மேல எவ்வளவு கோபமா இருந்தேன் தெரியுமா?"

"தெரியும். அதான்" என்றான் அவன். பேசிப் பழக்கம் விட்டுப்போன குரல். "ஊரே என்னைக் கைவிட்டாலும் ஏன் இப்படித் தைச்சேன்னு என்கூடச் சண்டை போடவாவது நீ அந்த அங்கியைத் திருப்பிப் பார்ப்பே. வேற யாரு பார்ப்பா?"

அண்ணி சிரித்தாள். ரொட்டிக்காரர் அழுதுகொண்டிருந்தார். பட்டாசு பதிலுக்குச் சண்டை போடவில்லை. அவள் வாழ்க்கையில் அது புதுசு. அண்ணனுடைய இரண்டு கையையும் பிடித்துக் கண்ணில் வைத்துக்கொண்டாள். வீட்டு மனிதர்களிடம் யாரும் சொல்லிப் பழகாத வார்த்தை அது. அவள் சொன்னாள். தெரு முழுக்கக் கேட்கும்படி, "நன்றி அண்ணா" என்று சொன்னாள்.